கோதையா, மரகதமா, அலமேலுவா: பாட்டி காலத்துப் பெயர்களுள் ஒன்றைத் தேர்தல்

தம்பிக்குப் பெண் குழந்தை பிறந்து இருபது நாளாகிறது. பெயர் சூட்டும் நாளில் குழந்தையின் காதில் மூன்று முறை பெயரைச் சொல்வது எங்கள் வீட்டு வழக்கப்படி அத்தையின் உரிமை என்பதால், தேர்வுப் பொறுப்பில் பாதி என் தலையில் விழுந்திருக்கிறது. பழைய பெயராக இருக்க வேண்டும் என்பதில் தம்பிக்கும் அவன் மனைவிக்கும் கருத்து வேறுபாடு இல்லை. எந்தப் பழமை என்பதில்தான் வேறுபாடு. ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டிய தாளில் முதலில் எட்டுப் பெயர்கள் இருந்தன: கோதை, மரகதம், அலமேலு, அஞ்சுகம், குந்தவை, தையல்நாயகி, மங்கையர்க்கரசி, கண்ணகி. இவற்றுள் எதைக் கொள்ளலாம், எதைத் தள்ளலாம் என்று நான் எடைபோட்ட முறை, இதே தேடலில் இருக்கும் மற்ற வீடுகளுக்கும் உதவக்கூடும் என்பதால் எழுதுகிறேன்.

பழைய பெயர் என்று பொதுவாகச் சொல்லிவிடுகிறோமே தவிர, பழமையில் இரண்டு வகை உண்டு. ஒன்று, நம் பாட்டிகளும் அவர்களுடைய தோழிகளும் தாங்கியிருந்து, நம் தாய்மாரின் தலைமுறையில் அருகி, நம் தலைமுறையில் ஏறக்குறைய நின்றே போன பெயர்; மரகதமும் அலமேலுவும் அஞ்சுகமும் இந்த வகை. மற்றொன்று, ஆயிரம் ஆண்டுக்கு முற்பட்ட கல்வெட்டிலிருந்தோ பாடலிலிருந்தோ அண்மைக் காலத்தில் எடுத்து வைக்கப்படும் பெயர். குந்தவை இதற்குச் சரியான எடுத்துக்காட்டு. முதல் வகைப் பெயரை வைக்கும்போது தொட்டிலில் கிடக்கும் சிசுவுக்குள் ஒரு கிழவியைப் பார்க்கிறோம். இரண்டாம் வகையில் ஓர் அரசியைப் பார்க்க ஆசைப்படுகிறோம். இரண்டும் வெவ்வேறு ஆசைகள். எது நம் ஆசை என்று முதலில் தெளிந்துகொண்டால் பாதித் தாள் தானாகவே காலியாகிவிடும்.

நம் முன்னோருக்கு இந்தத் திண்டாட்டமே இல்லை. பேரன், பேத்தி என்ற உறவுச் சொற்கள் பெயரன், பெயர்த்தி என்பவற்றிலிருந்து வந்தவை; பாட்டனின் பெயரைத் தாங்குபவன் பெயரன், பாட்டியின் பெயரைத் தாங்குபவள் பெயர்த்தி. பெயர் முன்பே வீட்டில் இருந்தது. அதைத் தாங்கப் பிள்ளை பிறக்க வேண்டியதுதான் பாக்கி. ஆனால் அந்த ஏற்பாட்டுக்குள் ஒரு முடிச்சும் இருந்தது. கணவன், மாமனார், மாமியார் ஆகியோரின் பெயரை மருமகள் வாயால் சொல்லக் கூடாது என்ற கட்டுப்பாடு இருந்த வீடுகளில், மாமியாரின் பெயரைத் தாங்கிய தன் சொந்த மகளையே தாயால் பெயர் சொல்லி அழைக்க முடியாது. திட்டுவதற்கு அறவே முடியாது. ஆகவே பள்ளிப் பதிவேட்டில் ஒரு பெயரும், வீட்டுக்குள் பாப்பா என்றோ குஞ்சு என்றோ வேறொரு பெயருமாகப் பிள்ளைகள் வளர்ந்தனர். பழைய பெயர் ஒன்றைத் திரும்ப எடுப்பவர்கள் இந்த முடிச்சையும் நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. எங்கள் வீட்டில் இது எதிர்பாராத இடத்தில் குறுக்கிட்டது.

பிறந்த நட்சத்திரத்துக்கு உரிய எழுத்தில்தான் பெயர் தொடங்க வேண்டும் என்று பார்ப்பவர்களுக்கு இந்த ஒப்பீடு அதிகம் பயன்படாது. அசுவினிக்குச் சு, சே, சோ, ல என்று நான்கு எழுத்தைக் கையில் கொடுத்துவிட்டால், அதற்குள் பாட்டி காலத்துப் பெயர் நான்கைந்து தேறுவதே கடினம். எண் கணிதத்துக்கும் இதுவே பதில்.

எட்டில் மூன்று பெயர்கள் முதல் நாளிலேயே விலகின. தையல்நாயகி, வைத்தீஸ்வரன் கோயில் அம்மனின் திருப்பெயர். தையல் என்றால் அழகு, பெண் என்று பழந்தமிழில் பொருள். ஆயினும் இன்றைய காதில் விழுவது தையல் இயந்திரத்தின் ஓசைதான். அந்த அம்மனைக் குலதெய்வமாக உடைய வீட்டுக்கு இது குறையாகவே தோன்றாது. மற்ற வீட்டில் விளக்கம் சொல்லிச் சொல்லியே குழந்தை களைத்துப்போகும். மங்கையர்க்கரசி, பாண்டிமாதேவியாக இருந்து 63 நாயன்மார்களுள் இடம்பெற்ற மூன்று பெண்களுள் ஒருவரின் பெயர். சம்பந்தர் ஆலவாய்ப் பதிகம் ஒன்றை 'மங்கையர்க்கரசி வளவர்கோன் பாவை' என்று அவர் பெயரைக் கொண்டே தொடங்குகிறார். கம்பீரமான பெயர்தான். ஆனால் சுருக்கி அரசி என்று அழைத்தால் வகுப்புத் தோழர்கள் மறுநாளே அரிசி ஆக்கிவிடுவார்கள் என்று தம்பி மனைவி சொன்னதற்கு என்னிடம் மறுமொழி இல்லை. கண்ணகியைத் தள்ளியவர் என் அம்மா. 1968இல் உலகத் தமிழ் மாநாட்டையொட்டிச் சென்னைக் கடற்கரையில் சிலையாக நின்றவள், நீதியின் உருவம் என்றெல்லாம் நான் வாதாடியும், "அவ பட்ட பாடு போதும்" என்ற ஒரே வாக்கியத்தில் முடித்துவிட்டார்.

குந்தவையில் தம்பிக்குப் பெரும் விருப்பம். முதலாம் இராசராசனின் தமக்கை, வல்லவரையன் வந்தியத்தேவனின் மனைவி என்ற அளவில் அவளை எல்லோரும் அறிவோம். கல்கி இதழில் 1950 முதல் 1954 வரை தொடராக வந்த பொன்னியின் செல்வன் அந்தப் பெயரை வீடுதோறும் கொண்டு சேர்த்தது. கதையை விடக் கல்வெட்டு எனக்கு நெருக்கமாக இருக்கிறது. தஞ்சைப் பெரிய கோயிலுக்கு வழங்கப்பட்டவற்றைக் கல்லில் வெட்டச் சொல்லும் ஆணையில் இராசராசன், தான் கொடுத்தவற்றைச் சொன்ன உடனே 'அக்கன் குடுத்தனவும்' என்கிறான். மனைவியர் கொடுத்தவை அதற்குப் பிறகுதான் வருகின்றன. திண்டிவனம் பக்கத்துத் தாதாபுரத்தில் சிவன், திருமால் கோயில்களுக்கும் சமணக் கோயிலுக்கும் ஒரே கையால் பொன்னும் வெள்ளியும் கொடுத்தவள் அவள். இராசராசன் தன் மகளுக்கும் குந்தவை என்றே பெயரிட்டான்; அந்த இளைய குந்தவை கீழைச் சாளுக்கிய விமலாதித்தனை மணந்து வேங்கிக்குப் போனாள்; முதலாம் குலோத்துங்கன் அவளுடைய பேரன். அத்தையின் பெயர் மருமகளுக்கு வந்திருக்கிறது என்பதை ஓர் அத்தையாக நான் இரண்டு முறை படித்துப் பார்த்துக்கொண்டேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

இவ்வளவு இருந்தும் நான் குந்தவைக்கு வாக்களிக்கவில்லை. நான் அறிந்த பாட்டிகளுள் ஒருவருக்கும் இந்தப் பெயர் இல்லை. எந்தத் திண்ணையிலும் யாரும் இந்தப் பெயரைக் கூப்பிட்டுக் கேட்டதில்லை. வரலாற்றில் பழையது, வீட்டில் புதியது. மேலும், மாலை, கிளி, மணி என்று கையில் எடுத்துக் காட்டக்கூடிய பொருள் எதுவும் இதற்குள் இல்லை. பெயரைத் தாங்கி நிற்பது சொல்லின் பொருளன்று, அந்தப் பெண்மணியின் புகழ்தான். இது குறையன்று, ஆனால் நான்கு வயதுக் குழந்தை 'என் பெயருக்கு என்ன அர்த்தம்' என்று கேட்கும்போது சோழ வரலாற்றைத் தொடக்கத்திலிருந்து சொல்ல வேண்டியிருக்கும். இறுதியாக ஒன்று. ஆங்கில எழுத்தில் எழுதி, தமிழறியாத ஒருவரிடம் படிக்கக் கொடுத்தால் தகரம் டகரமாகி, குண்டவை என்று வெளியே வரும். வடக்கே வேலை பார்க்கும் தம்பிக்கு இதை ஒரு முறை சொல்லிக் காட்டினேன். அடுத்த நாள் தாளில் அந்தப் பெயர் அடிக்கப்பட்டிருந்தது.

அலமேலுவின் கதை இவற்றுள் மிகவும் வேடிக்கையானது. மிகுந்த அநியாயத்துக்கு உள்ளான பெயரும் அதுவே. தெலுங்குப் பெயர் என்று பலரும் எண்ணும் இது உண்மையில் ஒரு தமிழ்த் தொடர்: அலர் மேல் மங்கை, மலரின் மேல் அமர்ந்த திருமகள். 'அகலகில்லேன் இறையும் என்று அலர்மேல்மங்கை உறை மார்பா' என்று நம்மாழ்வார் திருவேங்கடமுடையானை அழைக்கிறார். நொடிப்பொழுதும் பிரியமாட்டேன் என்று அவள் தங்கிவிட்ட மார்பை உடையவனே என்பது பொருள். திருச்சானூர்த் தாயாருக்கு வழங்கும் பெயர் இது. 15ஆம் நூற்றாண்டில் அன்னமாச்சாரியார் தெலுங்குக் கீர்த்தனைகளில் அலமேலுமங்கா என்று பாடினார். நம் வீடுகளில் ரகர ஒற்று தேய்ந்தது. பிறகு மங்கையும் உதிர்ந்தாள். அலமேலு மட்டும் நின்றது. பிரித்துப் பார்த்தால் எஞ்சியிருப்பது 'மலரின் மேலே' என்ற இடக்குறிப்பு ஒன்றுதான். மலர் இருக்கிறது, மேல் இருக்கிறது, அமர்ந்திருக்க வேண்டியவளைக் காணோம். தெலுங்கு வீடுகளில் மங்கா என்று பின்பாதியை வைத்துக்கொண்டார்கள்; முன்பாதியை நாம் வைத்துக்கொண்டோம். பாகப்பிரிவினை நடந்த பெயர் வேறு எதுவும் எனக்கு உடனே நினைவுக்கு வரவில்லை.

கன்னட நாட்டிலும் இந்தப் பெயர் நடமாடியிருக்கிறது. தலக்காடு மணலில் புதையட்டும், மைசூர் அரசர்களுக்குப் பிள்ளை இல்லாமல் போகட்டும் என்று சபித்துவிட்டுக் காவிரியில் குதித்தவளாக மைசூர்ப் பக்கத்தில் சொல்லப்படும் அரசியின் பெயர் அலமேலம்மா. அப்படி அஞ்ச வைத்த பெயர், நம் பத்திரிகை நகைச்சுவைத் துணுக்குகளிலும் மேடை நாடகங்களிலும் சிரிக்க வைக்கும் பெயராகிவிட்டது. பூரிக்கட்டையோடு நிற்கும் மாமியை வரைந்தவர்கள் எல்லோரும் அவளுக்கு ஏறத்தாழ இதே பெயரைத்தான் வைத்தார்கள். அதைக் கேட்டுச் சிரித்த தலைமுறைக்கு இப்போது ஐம்பது வயதுக்கு மேல் ஆகிவிட்டது என்பது ஓர் ஆறுதல். இன்று எல்.கே.ஜி. படிக்கும் குழந்தைகளுக்கு அந்தத் துணுக்குகள் தெரியாது. அவர்களுக்கு அலமேலு என்பது மூன்று லகர மகர ஒலிகள் உருளும் இனிய பெயர் மட்டுமே. சுருக்கமாக அலமு என்று அழைக்கலாம். ஆங்கில எழுத்தில் எழுதினாலும் யாரும் தவறாகப் படிக்க முடியாத பெயர் இந்தத் தாளில் இது ஒன்றுதான் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். எங்கள் வீட்டில் எடுபடாததற்குக் காரணம் வேறு: தம்பி மனைவியின் அலுவலகத்தில் அவருக்குத் தலைவலி தரும் மேலாளரின் பெயர் அது. இத்தகைய காரணங்களோடு வாதாடிப் பயனில்லை.

அஞ்சுகம் என்றால் கிளி. அழகைக் குறிக்கும் அம் என்ற சொல்லோடு, கிளியைக் குறிக்கும் சுகம் என்ற வடசொல் சேர்ந்து அழகிய கிளி ஆயிற்று. மு. கருணாநிதியின் தாயார் பெயர் என்ற வகையில் பலருக்கும் தெரிந்திருக்கும். இந்தப் பெயரின் பெரிய வசதி, அதன் முன்பாதி இன்றைய பெயராகவே இருப்பது. வீட்டிலும் பள்ளியிலும் அஞ்சு என்று அழைத்தால் எந்த ஊரிலும் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். முழுப் பெயரை விரும்பும் வயது வரும்போது அவளே எடுத்துக்கொள்ளலாம். குறை, அஞ்சு என்பதற்குத் தமிழில் ஐந்து என்றும் அச்சப்படு என்றும் பொருள் இருப்பதுதான். ஒரு பெண் குழந்தையை நாள் முழுவதும் 'அஞ்சு, அஞ்சு' என்று ஏவிக்கொண்டிருப்பது எனக்குச் சற்று நெருடுகிறது. பழைமையும் வேண்டும், பழைமை வெளியே தெரியவும் கூடாது என்று நினைக்கும் பெற்றோருக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்காது.

மரகதத்துக்கு வருகிறேன். பச்சை நிறக் கல்லைக் குறிக்கும் இந்தச் சொல் உலகம் சுற்றியது. வடமொழியில் மரகதம், கிரேக்கத்தில் ஸ்மாரக்டோஸ், பாரசீகத்தில் சுமுருத், ஸ்பானியத்தில் எஸ்மரால்டா, ஆங்கிலத்தில் எமரால்டு என்று வழங்குவன எல்லாம் ஒரே சொல்லின் கிளைகள். கல் எங்கெங்கே விற்கப்பட்டதோ அங்கெல்லாம் பெயரும் கூடவே போயிருக்கிறது. போன இடங்கள் பலவற்றில் அது பெண்ணின் பெயராகவும் ஆகியிருக்கிறது. நம்மிடம் மணிகளைப் பெயராக வைப்பதில் எழுதாத பங்கீடு ஒன்று இருந்தது: மாணிக்கமும் வைரமும் ஆண்களுக்கு, மரகதமும் பவளமும் பெண்களுக்கு, முத்து இருவருக்கும். யார் பிரித்தார்கள் என்று தெரியாது. ஆனால் மரகதம் என்ற பெயரில் ஓர் ஆணை நான் இதுவரை சந்தித்ததில்லை.

பாட்டிகளின் பெயர்களில் மகர ஒற்றில் முடிபவை எத்தனை என்று எண்ணிப் பாருங்கள். கனகம், தங்கம், செல்லம், ரத்தினம், விசாலம், பர்வதம், ராஜம். கமலா என்று பிறந்தவளும் கமலம் ஆனாள், விசாலாட்சி என்று பிறந்தவளும் விசாலம் ஆனாள். ஆகாரத்தில் முடிந்த வடமொழிப் பெண்பெயரைத் தமிழ்க் காது அம் போட்டு மூடிக்கொண்டது. இலக்கணப்படி இவை அஃறிணைச் சொற்கள். ஆனால் கல் 'ஒளிர்ந்தது' என்போம், பாட்டி 'வந்தாள்' என்போம். வினைமுற்றில்தான் அவள் கல்லிலிருந்து பெண்ணாகிறாள். 1960களுக்குப் பிறகு இந்த அம் ஏறக்குறைய மொத்தமாக உதிர்ந்தது; ஆகாரமும் இகரமும் திரும்ப வந்தன. ஆகவே இன்றைக்கு ஒரு பெயரைக் கேட்டவுடன் 'இது பாட்டி பெயர்' என்று சொல்ல வைப்பது பொருளோ கடவுளோ அன்று. வாயை மூடி முடிக்கும் அந்தக் கடைசி மகரம்தான்.

வேற்றுமை உருபு ஏறும்போது இந்தப் பெயர் செய்யும் காரியம் எனக்கு மிகவும் பிடிக்கும். மரகதத்தைக் கூப்பிடு, மரகதத்துக்குக் காய்ச்சல், மரகதத்தோடு போ. மரம் மரத்தை என்று ஆவது போலவே, ஒரு பெண்ணின் பெயரும் நடுவில் அத்துச் சாரியை வாங்கிக்கொண்டு நீள்கிறது. இன்றைய பெயர்களில் பெரும்பாலானவை இப்படி வளைவதில்லை. திவ்யாவை, திவ்யாவுக்கு என்று வகர உடம்படுமெய் ஒன்றை ஒட்டிக்கொண்டு அப்படியே நிற்கும். பெயர் வைக்கும்போது அதை எழுவாயாக மட்டும் சொல்லிப் பார்ப்பது போதாது. நாளெல்லாம் நாம் சொல்லப்போவது 'அவளை', 'அவளுக்கு', 'அவளுடைய' என்ற வடிவங்களைத்தான். ஆகவே ஒவ்வொரு பெயரையும் இரண்டாம் வேற்றுமையிலும் நான்காம் வேற்றுமையிலும் உரக்கச் சொல்லிப் பார்க்க வேண்டும் என்பது என் உறுதியான பரிந்துரை.

மரகதத்தின் குறை எங்கள் வீட்டுக் குறை. அது அப்பாவைப் பெற்ற பாட்டியின் பெயர். தாளை ஒட்டிய அன்று மாலை, கண்ணாடியைத் தேடி எடுத்து அணிந்துகொண்ட அம்மா எட்டுப் பெயர்களையும் உரக்கப் படித்தார். கோதை என்றார், அலமேலு என்றார், அஞ்சுகம் என்றார். இரண்டாவது வரி காணாமல் போயிருந்தது. பாட்டி இறந்து 22 ஆண்டுகள் ஆகின்றன. அப்போதுதான் எனக்கு வேறொன்று உறைத்தது: தன் மோதிரத்தில் இருக்கும் கல்லை அம்மா என் வாழ்நாள் முழுவதும் 'பச்சைக்கல்' என்றே சொல்லி வந்திருக்கிறார். நகைக்கடையிலும் அப்படித்தான் கேட்பார். சொல் தெரியாமல் சொல்கிறார் என்று சிறு வயதில் ஒரு முறை நான் திருத்தியும் இருக்கிறேன்.

இனிக் கோதை. என் கணக்கில் எல்லாப் பக்கமும் மதிப்பெண் வாங்கிய பெயர் இதுதான். மாலை என்பது முதற்பொருள். மாலை சூடும் கூந்தல், கூந்தலை உடைய பெண் என்று பொருள் அடுத்தடுத்து விரிகிறது. சங்க காலத்தில் இது ஆண்களின் பெயராகவும், அதுவும் சேர அரசர்களின் பெயராகவும் இருந்தது என்பதைப் பலர் அறியமாட்டார்கள். புறநானூற்றில் கோக்கோதை மார்பன் இருக்கிறான்; மாக்கோதை என்று பெயர் பொறித்த காசுகள் கரூர்ப் பகுதியில் கிடைத்திருக்கின்றன; மனைவி சிதையில் எரிந்த பின்னும் என் உயிர் போகவில்லையே, இந்தத் துயரின் அளவுதான் என்ன என்று 245ஆம் பாட்டில் அழும் அரசன் சேரமான் கோட்டம்பலத்துத் துஞ்சிய மாக்கோதை. போர்க்கோலத்தில் மாலை அணிந்தவர்களின் பெயர், சில நூற்றாண்டுகளில் மாலை கட்டுபவளின் பெயராகிவிட்டது.

அந்தப் பெயரை நிலைநிறுத்தியவள் திருவில்லிபுத்தூர் ஆண்டாள். ஆண்டாள் என்பது பின்னால் வந்த பெருமைப் பெயர். பெரியாழ்வார் வளர்த்த பெண்ணின் பெயர் கோதை. திருப்பாவை 30, நாச்சியார் திருமொழி 143 என்று அவள் பாடியவை 173 பாசுரங்கள். திருப்பாவையின் கடைசிப் பாசுரத்தில் 'பட்டர்பிரான் கோதை சொன்ன சங்கத் தமிழ்மாலை முப்பதும்' என்று தன் பெயரைத் தானே பதிக்கிறாள். இந்த வரியைச் சற்று நின்று பார்க்க வேண்டும். மாலை என்று பெயர் கொண்டவள் ஒரு மாலையைச் சொல்கிறாள்; கட்டிய மாலை பூவால் ஆனதன்று, தமிழால் ஆனது. அடுத்து, 'பட்டர்பிரான் கோதை' என்ற வரிசை. தந்தை பெயரை முன்னே வைத்துத் தன் பெயரைப் பின்னே வைப்பது இன்று நாம் முதலெழுத்து போடும் அதே முறை. பள்ளிப் பதிவேட்டில் எழுதினால் ப. கோதை. சோழக் கல்வெட்டு குந்தவையைச் சொல்வதும் பராந்தகன் குந்தவை என்றுதான். ஆனால் குந்தவையைக் கல்லில் எழுதியவர்கள் வேறு. மரகதத்துக்கும் அலமேலுவுக்கும் பெயர் கொடுத்தவர்களும் சொன்னவர்களும் வேறு. இந்தத் தாளில் இருந்த எட்டுப் பெண்களுள், தன் பெயரைத் தன் வாயாலேயே சொல்லி, இது நான் சொன்னது என்று உரிமை கொண்டாடியவள் கோதை ஒருத்திதான். ஒரு பெண் குழந்தைக்குப் பெயர் தேடும் அத்தைக்கு இதைவிட வேறென்ன காரணம் வேண்டும்?

வைணவ மணம் அதிகம் என்பார்கள், ஓரளவு உண்மை. கோதா என்று வடமொழி வடிவமும் பெற்று, வேதாந்த தேசிகரின் தோத்திரத்துக்கும் பொருளான பெயர் இது. ஆனால் மறைமலையடிகள் 1916 அளவில் தொடங்கிய தனித்தமிழ் இயக்கம் பரவிய காலத்தில், கோயில் பக்கமே போகாத வீடுகளிலும் பூங்கோதைகள் பிறந்தார்கள். பக்தி வீட்டுக்கும் பகுத்தறிவு வீட்டுக்கும் பொதுவாக அமைந்த பெண்பெயர்கள் மிகச் சில. அவற்றுள் இது ஒன்று. வை.மு. கோதைநாயகி அம்மாள் 1925 முதல் ஜகன்மோகினி இதழை நடத்தி, நூற்றுக்கும் மேற்பட்ட நாவல்களை எழுதியதையும் சேர்த்துக்கொண்டால், எழுதும் பெண்களின் பெயர் என்று இதற்கு ஒரு ராசியே இருக்கிறது எனலாம்.

தாளில் எழுதும்போதுதான் கோதைக்குச் சோதனை. ஆங்கிலத்தில் கே, ஓ, டி, ஏ, ஐ என்று எழுதினால் மலைவாசத்தலத்தின் சுருக்கப் பெயராகி, கோடை என்று படிக்கப்படும். டி எழுத்தை டி, எச் ஆக்கினால் ஓரளவு தப்பிக்கும். மரகதத்தில் ககரத்துக்கு ஜி எழுத்தா கே எழுத்தா, தகரத்துக்கு டி எச் என்பதா டீ எச் என்பதா என்று நான்கு வடிவம் சாத்தியம். எதுவாயினும் பிறப்புச் சான்றிதழில் எழுதுவதே ஆதாருக்கும் பள்ளிக்கும் கடவுச்சீட்டுக்கும் தொடரும் என்பதால், தமிழ்ப் பெயரைத் தேர்ந்த நாளிலேயே ஆங்கில எழுத்துக்கூட்டையும் தேர்ந்து, வீட்டில் எல்லோருக்கும் எழுதிக் கொடுத்துவிட வேண்டும். அவசரமும் இல்லை: பிறப்பைப் பதிந்த ஓராண்டுக்குள் பெயரைக் கட்டணம் இன்றிச் சேர்க்கலாம், அதன் பின்னரும் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணம் செலுத்திச் சேர்க்கலாம்.

ஆக, புகழ்மிக்க பெயர் வேண்டுவோருக்குக் குந்தவை. சுருக்கி அழைக்க நினைப்போருக்கு அஞ்சுகம். துணுக்குகளை மறந்துவிட்ட அல்லது கேட்டே இராத வீட்டுக்கு அலமேலு. பாட்டியின் பெயரை உண்மையிலேயே திரும்பக் கேட்க விரும்புவோருக்கு மரகதம். இவை எல்லாவற்றிலும் சிறிது சிறிது வேண்டுமென்றால் கோதை. என் வாக்கு கோதைக்கு என்று தம்பியிடம் சொன்னேன். மரகதத்தை வைத்தால் அம்மாவால் பேத்தியைக் கூப்பிடவே முடியாது என்பதையும் காரணமாகச் சேர்த்தேன். அறையின் மறுகோடியில் துணி மடித்துக்கொண்டிருந்த அம்மா தலையை நிமிர்த்தாமல், "பாட்டி பேரையே வையுங்க. நான் பச்சைன்னு கூப்பிட்டுக்கிறேன்" என்றார். தம்பி என்னைப் பார்த்தான். நான் அதற்குப் பின் வாதாடவில்லை.

படிவத்தை அன்றிரவே நிரப்பினோம். பிழை இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லி அம்மாவிடம் நீட்டினான் தம்பி. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, கட்டங்களின் மேல் விரலை வைத்து, ம, ர, க, த, ம் என்று ஐந்து எழுத்தையும் தனித்தனியாகப் படித்துவிட்டு, சரியாக இருக்கிறது என்று திருப்பிக் கொடுத்தார்.